ஐந்து நிமிடத்துக்குக் குறைவான இடங்கள்

ஆகஸ்ட் 4, திங்கள்

ஜவுளிக்கடையில் கொடுத்த டைரி இது. ஏழு மாதமாக இதன் மேல்தான் குக்கரை இறக்கி வைத்துக்கொண்டிருந்தேன். அட்டை வட்டமாகக் கருகிப்போயிருக்கிறது. இன்றைக்கு எழுத வேண்டும் போல இருந்தது. எழுதாவிட்டால் யாரிடமாவது சொல்லிவிடுவேன். சொல்வதற்கும் ஆள் கிடையாது.

பிரமுவுக்கு வேலை கிடைக்கப்போகிறதாம்.

பிரமநாயகம் என் தம்பி. முப்பது வயது. பத்தொன்பதில் தாமிரபரணியில் பாறை இருப்பது தெரியாமல் தலைகீழாகக் குதித்தான். தோளும் மணிக்கட்டும் மட்டும் மிச்சம். விரல் மடங்காது, இடுப்பு நிற்காது. பதினோரு வருஷமாக நான்தான் அவனுக்குக் கை, கால் எல்லாம். அப்பா முன்பே போய்விட்டார், அம்மா போய் இரண்டு வருஷம். பாளையங்கோட்டையில் இந்த இரண்டு அறை வீட்டில் நானும் அவனும் அவன் கட்டிலும் இருக்கிறோம்.

கட்டிலில் கிடந்தபடியே அவன் ஒரு நகரம் கட்டியிருக்கிறான். கம்ப்யூட்டர் விளையாட்டுதான். எல்லாமே சதுரக் கட்டைகளால் ஆன உலகம், பிள்ளைகள் மண்ணைத் தோண்டி வீடு கட்டி ஆடுவார்களே, அது. உள்ளே போய் ஆடுவதற்குப் பத்து விரலும் வேண்டும். இவனுக்கு முடியாது. அதனால் உலகத்தை வெளியே இருந்து திருத்துகிற எடிட்டர் ஒன்றில் அதைத் திறந்து, ஒரு உருண்டையைப் புறங்கையால் உருட்டி உருட்டி மேலே இருந்து கட்டுவான். ஆறு வருஷமாகிறது. மலை மேல் நகரம், முழுக்கப் படிக்கட்டு.

"ஒரு சாய்தளம்கூட இல்லயேல" என்று ஒருமுறை கேட்டேன்.

"அங்கயும் சக்கர நாற்காலியத் தள்ளணுமா? எல்லாப் பயலும் ஏறிச் சாவட்டும்" என்றான்.

கோயம்புத்தூரில் இப்படி உலகங்களைக் கட்டி விற்கிற கம்பெனி ஒன்று இருக்கிறது. அங்கிருந்து தில்ஷாத் என்று ஒரு மேடம் படங்களைப் பார்த்துவிட்டு எழுதியிருக்கிறார். முழு உலகத்தையும் செப்டம்பர் ஒன்றாம் தேதிக்குள் அனுப்ப வேண்டும். இவன் கட்டியது பழைய டேப்லெட் பதிப்பு. அவர்களுக்குக் கம்ப்யூட்டர் பதிப்பாக மாற்றித் தர வேண்டும், அளவையும் பாதியாகக் குறைக்க வேண்டும். பிடித்திருந்தால் வேலை. வளாகத்திலேயே அறை, பார்த்துக்கொள்ள ஆள்.

பார்த்துக்கொள்ள ஆளாம்.

நல்ல விஷயம்தான். ரவா கேசரி கிண்டினேன். அடிப்பிடித்துவிட்டது.

ஆகஸ்ட் 7, வியாழன்

உலகத்தை ஒரு பதிப்பிலிருந்து இன்னொன்றுக்கு மாற்ற கன்வெர்ட்டர் என்று ஒரு மென்பொருள். நான் பொத்தானை அமுக்கினால் மாறிவிடும் என்று நினைத்தேன். அங்கே இருக்கிற கட்டை இங்கே இருக்காதாம். இந்த ஊர்ச் செங்கல்லுக்கு அந்த ஊரில் என்ன பெயர் என்று வரிவரியாகப் பட்டியல் கொடுக்க வேண்டும். கொடுக்காமல் விட்ட கட்டை வெறும் காற்றாகிவிடும். மொத்தம் அறுநூற்று நாற்பது வரி.

அவன் ஒரு வரி தட்டுவதற்குள் நான் இருபது தட்டிவிடுவேன். ஒரு பள்ளிக்கூட அலுவலகத்தில் நான்கு வருஷம் டேட்டா என்ட்ரி பார்த்தவள் நான். அவன் குதித்த மறுநாள் விட்ட வேலை. அவன் சொல்லச் சொல்ல என் பழைய லேப்டாப்பில் தட்டினேன்.

"கருங்கல் படி, எடது வளைவு. கருங்கல் படி, வலது வளைவு. எக்கா, தூங்கிட்டியா?"

"இல்லல. எந்தப் பக்கம் வளைஞ்சா என்ன, படிதான?"

"வளைவு மாறிப்போட்டா ஏறுதவன் செவுத்துல போய் முட்டுவான். ஒன் சாம்பார்ல உப்பு மாதிரின்னு நெனச்சியா, இருந்தா என்ன இல்லாட்டா என்னன்னு?"

சிரித்தேன். இரண்டு மணி நேரத்துக்கு ஒரு தடவை அவனைப் புரட்டிப் படுக்க வைக்க வேண்டும், இல்லாவிட்டால் முதுகு புண்ணாகும். பேச்சில் இன்றைக்குக் கால் மணி நேரம் தவறிவிட்டது. அவனும் கவனிக்கவில்லை. கோயம்புத்தூர் ஆள் கடிகாரம் பார்த்துப் புரட்டுவார் போல.

ஆகஸ்ட் 11, திங்கள்

அளவைக் குறைக்க இன்னொரு மென்பொருள், அதற்கு வெட்டி என்று பெயர். உலகத்தைச் சதுரச் சதுரமாகப் பிரித்து, மேலே இருந்து வரைபடம் காட்டுகிறது. ஒவ்வொரு சதுரத்திலும் விளையாடுகிறவர்கள் எத்தனை நேரம் நின்றார்கள் என்று விளையாட்டே குறித்து வைத்திருக்கிறதாம். அதிக நேரம் நின்ற இடம் சிவப்பு, கொஞ்ச நேரம் மஞ்சள், யாரும் போகாத இடம் கறுப்பு. ஆள் போகாத வெறுங்காட்டை எல்லாம் வெட்டிவிட்டால் அளவு பாதியாகிவிடும். வெட்டிய இடத்தில் விளையாட்டு தானாகவே புது மண்ணையும் புல்லையும் முளைக்க வைத்துவிடும். இதைச் செய்கிறவர்கள் எல்லோரும் இப்படித்தான் செய்வார்களாம்.

அவன் நகரத்தில் நடந்த ஒரே ஆள் நான். கட்டியதை உள்ளே போய் நடந்து பார்த்து, எந்தப் படி உயரம், எந்தக் கதவு திறக்கவில்லை என்று சொல்வேன். வரைபடத்தில் என் நடை கோடுகோடாக மஞ்சளாக இருந்தது. நகரவாசலில் மட்டும் ரத்தக்கட்டு மாதிரி ஒரு சிவப்பு.

"எக்கா, இது என்ன? அறுவத்திரண்டு மணி நேரம் வாசல்லயே நின்னுருக்க."

"படியெல்லாம் எண்ணிக்கிட்டு இருந்தேன்."

"வாசல்ல ஏது படி? ஆளை நிறுத்திப்போட்டு நீ அடுப்படியில சீரியல் பாத்துருக்க. 'மேல வரைக்கும் ஏறிட்டேன்ல, அருமையா இருக்கு'ன்னு எங்கிட்ட வந்து சொல்லிருக்க. திருட்டு மூதி!"

இரண்டு பேரும் வயிறு வலிக்கச் சிரித்தோம். பிறகு அவன் வரைபடத்தைக் கிழக்கே நகர்த்தினான். கிழக்குப் பக்கம் முழுக்கக் கறுப்பாகக் கிடந்தது.

"கெழக்க இருக்கதப் பத்தி இந்த வெட்டிக்கு ஒண்ணும் தெரியாது பாத்துக்க. அது கட்டுனத எண்ணாது, ஆள் நின்ன நேரத்தத்தான் எண்ணும். நான் வெளிய இருந்து கட்டுனவன், எனக்குக் கணக்கு ஏறாது. சும்மா விதியப் போட்டா கெழக்கு மொத்தமும் போயிரும். அதக் கையால விலக்கி வச்சிட்டுத்தான் வெட்டணும்."

பதினான்கு மாத வேலை அது. அதில் நான் ஒரு அடிகூட வைக்கவில்லை. ஏன் என்றால், அம்மாவின் முதல் வருஷத் திதியன்று அவன் ஒன்று சொன்னான். நான் என் வேலை போன கதையைச் சித்தியிடம் சொல்லிக்கொண்டிருந்தேன். கட்டிலில் இருந்து குரல் வந்தது: "எனக்கு அடிபட்டது ஒனக்குத்தான் வசதி. ஒனக்கு ஒரு வேலையும் வராதுன்னு யாருக்கும் தெரியாமலே போச்சு." சித்தி கையில் வடையோடு அப்படியே நின்றாள். அன்றைக்குச் சாயங்காலம் விளையாட்டை மூடினேன். அதற்குப் பிறகு அவன் கூப்பிடவும் இல்லை, நான் போகவும் இல்லை.

மறந்தாகிவிட்டது. சும்மா எழுதி வைக்கிறேன்.

ஆகஸ்ட் 12, செவ்வாய்

மறக்கவில்லை.

ஆகஸ்ட் 15, வெள்ளி

கம்பெனியிலிருந்து விண்ணப்பப் படிவம் வந்திருக்கிறது. நான் அறைக்குள் போனதும் திரையை மாற்றிவிட்டான். ஒளித்து வைக்கிற அளவுக்கு ஆகிவிட்டது.

"எக்கா, ஒன் ஆதார் நகல் ஒண்ணு வேணும்."

"என்னோடது என்னத்துக்கு?"

"கேட்டா எடுத்துக் குடேன். கேள்வி கேட்டே கொல்லுவா."

போவதற்குச் சம்மதம் என்று என்னிடம் கையெழுத்து வாங்குவார்கள் போல. ஆஸ்பத்திரியில் அறுவைசிகிச்சைக்கு முன்னால் வாங்குவது மாதிரி.

ஆகஸ்ட் 19, செவ்வாய்

பட்டியல் முடிந்தது. மாற்றுவதற்கு முன்னால் உலகத்தை ஒரு பென் டிரைவில் நகல் எடுத்து வைக்கச் சொன்னான். முதலில் கட்டிய டேப்லெட் பேட்டரி வீங்கிப் போன வருஷமே செத்துவிட்டது. இப்போது இருப்பது அவன் லேப்டாப்பில் ஒன்று, பென் டிரைவில் ஒன்று. எடுத்து சாமி படத்துக்குப் பின்னால் வைத்திருக்கிறேன்.

அவன் வேலைக்குப் போனால் என்ன செய்வேன் என்று இன்றைக்குக் கேட்டான். நான் யோசிக்காமல் "நிம்மதியாத் தூங்குவேன்" என்றேன். அவன் முகம் ஒரு மாதிரி ஆனது. எனக்குச் சந்தோஷமாக இருந்தது. இருந்ததை ஏன் இல்லை என்று எழுத வேண்டும்?

ஆகஸ்ட் 23, சனி

ஆதார் நகல் எடுக்க ஜெராக்ஸ் கடைக்குப் போனேன். கார்டு எங்கோ கிடக்கிறது, லேப்டாப்பில் படமாக இருந்தது. அதை எடுத்துப் போகப் பென் டிரைவ் வேண்டும். வீட்டில் இருப்பது அது ஒன்றுதான். கடையில் செருகியதும் வைரஸ் இருக்கிறது என்றாள் அந்தப் பெண். "அக்கா, உள்ள பெருசா ஏதோ இருக்கு. மொத்தமா அழிச்சிட்டுத்தான் எங்க சிஸ்டத்துல போட முடியும். ஆதார நீங்க போன்ல அனுப்பிருங்க. இத அழிச்சிரட்டா?" என்று கேட்டாள்.

பின்னால் ஏழெட்டு பேர் நின்றார்கள். வெயில் வேறு.

போனிலும் அந்தப் படம் இருந்தது, அனுப்பினேன். நகல் நன்றாக வந்திருக்கிறது. படத்தில் இருபத்தேழு வயது எனக்கு. வரும் வழியில் கத்தரிக்காய் வாங்கினேன்.

ஆகஸ்ட் 27, புதன்

பிரமுவுக்குக் காய்ச்சல் நூற்றிரண்டு. சிறுநீர் டியூப் மாற்ற வேண்டிய நாள் போய் ஒன்பது நாள் ஆகிவிட்டது என்று டாக்டர் ஏசினார். மாதத்துக்கு ஒரு தடவை மாற்றுவது, நான் மறந்ததே இல்லை. இந்த மாதம் எத்தனை வேலை.

உலகம் மாறிவிட்டது. மூன்று மணி நேரம் ஓடியது. காற்றாகிப்போன கட்டை ஒன்றுகூட இல்லை. என் பட்டியல் அத்தனை சுத்தம்.

ஆகஸ்ட் 29, வெள்ளி

காய்ச்சல் இறங்கவில்லை. பிதற்றுகிறான். கண்ணைத் திறந்து, "வெட்டணும், திங்கக்கெழம கடைசி" என்றான். "நான் பாத்துக்கிடுதேன், நீ தூங்குல" என்றேன். ஈரத்துணியை நெற்றியில் போட்டுவிட்டு அவன் லேப்டாப்பைத் திறந்தேன்.

வெட்டி ஒரு எண் கேட்டது. எத்தனை நிமிடத்துக்குக் குறைவாக ஆள் நின்ற இடங்களை அழிக்க வேண்டும்? ஐந்து என்று போட்டேன். வரைபடத்தில் கறுப்பு எல்லாம் நீலமாகத் தேர்வானது. மேற்கே காடு, தெற்கே கடல், கிழக்கும். "இதைத் திரும்பப் பெற முடியாது, நிச்சயமா?" என்று கேட்டது. ஆம். இன்னொரு தடவை கேட்டது. ஆம்.

நாற்பது நொடிகூட ஆகவில்லை. பிறகு அவனைப் புரட்டிப் போட்டு, முதுகுக்குப் பவுடர் போட்டேன். சரியாக இரண்டு மணி.

கறுப்பு எல்லாம் காடு என்று நினைத்துவிட்டேன்.

ஆகஸ்ட் 31, ஞாயிறு

காய்ச்சல் விட்டது. கஞ்சி குடித்தான். லேப்டாப்பைக் கேட்டான்.

கிழக்கே புல்லும் குன்றும் இருந்தது. ஆடு மேய்ந்தது. நிஜமாகவே அந்த விளையாட்டு ஆடுகள், சதுரத் தலையை ஆட்டிக்கொண்டு. அவன் உருண்டையை உருட்டிக்கொண்டே போனான். மலை விளிம்பு வரை போய்த் திரும்பி வந்தான். கத்துவான் என்று நினைத்தேன். கத்தினால் நானும் கத்தலாம் என்று அடுப்பை அணைத்துவிட்டு வந்திருந்தேன்.

"எத்தன நிமிசம் போட்ட?"

"அஞ்சு. தெரியாமப் போச்சுல. நீ காய்ச்சல்ல கெடந்த, கேக்க முடியல."

"பென் டிரைவு?"

ஜெராக்ஸ் கடைக் கதையைச் சொன்னேன். வைரஸ், வெயில், பின்னால் நின்ற ஆட்கள் எல்லாம் சொன்னேன். அவன் என்னையே பார்த்துக்கொண்டிருந்தான். அம்மாவின் கண் அவனுக்கு.

"ஆதார் எடுக்கப் போன எடத்துலயா?"

"ஆமா."

அதற்கு ஏன் அப்படிச் சிரித்தான் என்று தெரியவில்லை.

செப்டம்பர் 1, திங்கள்

காலையில் பல் தேய்த்துவிடும்போது கேட்டான். "எக்கா, எங்கிட்ட ஏதாச்சும் சொல்லணுமா?"

"என்னத்தச் சொல்ல?"

"சரி."

வாய் கொப்பளித்துத் துப்பினான். கம்பெனியில் கேட்டு அக்டோபர் இருபது வரைக்கும் தவணை வாங்கிவிட்டானாம். கிழக்கைத் திரும்பக் கட்டப்போகிறானாம். "நீ நடக்கணும். இந்தத் தடவ ஒரு கட்டம் கறுப்பா இருக்கக் கூடாது" என்றான்.

நடக்கிறேன் என்றேன். பாவம்தானே.

செப்டம்பர் 9, செவ்வாய்

பத்து மணிக்கு உட்கார்ந்தால் ஐந்து வரை நடை. அவன் கட்டக் கட்ட உலகம் என் லேப்டாப்புக்கும் வந்துவிடுகிறது. அவன் கட்டில் பக்கத்திலேயே நாற்காலி போட்டு, அதில் ஒரு விரலை ஒரே பொத்தானில் அமுக்கிக்கொண்டு நடக்கிறேன். அவன் எண் சொல்வான். "கெழக்கு ஆயிரத்து நூத்தி எம்பது." போவேன். "நில்லு." நிற்பேன். ஆறு நிமிடம் கழித்து, "அடுத்தது." வேறு பேச்சு இல்லை.

எண்ணையும், நேற்றுப் பல் தேய்க்கும்போது மறுபடி கேட்ட அதே கேள்வியையும் தவிர ஒரு வார்த்தை பேசி எட்டு நாளாகிறது. பசிக்கிறதா என்று கேட்டால் தலையை ஆட்டுவான்.

ஆனால் அவன் ஞாபகசக்தியைச் சொல்ல வேண்டும். பதினான்கு மாதத்தில் கட்டியதை ஒரு வாரத்தில் கால்வாசி கட்டிவிட்டான். காலையில் வெறும் குன்றாக இருந்த இடத்தில் மத்தியானம் மண்டபம் நிற்கிறது. ஒரு படி பிசகவில்லை. எப்படித்தான் எல்லாவற்றையும் மண்டைக்குள் வைத்திருக்கிறானோ.

செப்டம்பர் 15, திங்கள்

"ஏதாச்சும் சொல்லணுமா?"

"இல்லயே."

"சரி."

திங்கட்கிழமை ஆனால் இது ஒன்று. பல் தேய்க்கும் நேரம் பார்த்துக் கேட்பான். நான் அவன் தாடையைப் பிடித்துக்கொண்டிருப்பேன். கொஞ்சம் அழுத்தித் தேய்த்துவிட்டேன் இன்றைக்கு. ஈறில் ரத்தம்.

செப்டம்பர் 24, புதன்

வலது மணிக்கட்டு வீங்கிவிட்டது. எண்ணெய் தேய்த்தேன். "வலிக்குல, நாளைக்கு நடக்கட்டா?" என்றேன். "எடது கையால நட" என்றான்.

அவன் விரலைப் பார்த்தேன். பதினோரு வருஷமாக மடங்காத விரல். இடது கையை வைத்தேன்.

அக்டோபர் 3, வெள்ளி

இதை எப்படி எழுதுவது என்று தெரியவில்லை.

கிழக்கில் ஒரு படிக்கட்டு மலையைச் சுற்றிச் சுற்றி மேலே போகிறது. எண்ணூற்றுப் பன்னிரண்டு படி. அவன் மத்தியானத் தூக்கத்தில் இருந்தான். எண் சொல்ல ஆள் இல்லை, நானாக ஏறினேன். உச்சியில், பாறையை விட்டு வெளியே நீட்டிக்கொண்டு ஒரு சின்ன அறை. ஜன்னல் வழியாக முழு நகரமும் தெரிகிறது. உள்ளே ஒரு மேஜை, ஒரு நாற்காலி, மேஜை மேல் கறுப்புக் கட்டையால் செய்த கம்ப்யூட்டர். சுவரில் ஒரு பலகை. அதில்:

"எக்கா, இவ்வளவு படி ஏறி வந்துட்டியா? உக்காரு. இது ஒன் ஆபீஸ்."

பலகையின் கீழே தேதி போட்டிருந்தான். போன வருஷ ஜூலை. திதி முடிந்து ஒரு மாதம்கூட ஆகியிருக்காது. நான் வருவேன் என்று வைத்துவிட்டுக் காத்துக்கொண்டிருந்திருக்கிறான். நான் போகவே இல்லை.

அழுதேன். சத்தம் வராமல் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு அழுதேன். அவனை எழுப்பிச் சொல்லிவிடலாம் என்றுகூட நினைத்தேன். அதற்குள் குக்கர் மூன்றாவது விசில் அடித்தது. பருப்பு குழைந்துவிடுமே என்று விறுவிறு என்று இறங்கிவிட்டேன். மேலே நாலு நிமிடம்கூட இருந்திருக்க மாட்டேன்.

அவன் எழுந்ததும், "எங்க போன?" என்று கேட்டான்.

"எங்கயும் இல்ல. வாசல்லதான் நின்னேன்" என்றேன்.

அக்டோபர் 6, திங்கள்

"சொல்லணுமா?"

"என்னத்தச் சொல்லச் சொல்லுத, எப்பப் பாத்தாலும்?" என்று எரிந்து விழுந்தேன்.

"சரி, சரி" என்றான்.

அக்டோபர் 13, திங்கள்

கேட்டான். நான் தலையை மட்டும் ஆட்டினேன். கிழக்கு முழுக்க மஞ்சளாகிவிட்டது.

அக்டோபர் 20, திங்கள். தீபாவளி

அவனுக்கு எண்ணெய் தேய்த்துக் குளிப்பாட்டிப் புதுச்சட்டை போட்டேன். நீலக் கட்டம், அவனுக்கு எடுப்பாக இருக்கிறது. அதிரசம் ஊட்டினேன். ஒரு வாய் தின்றுவிட்டு, இன்னும் வாயில் இருக்கும்போதே கேட்டான். இந்தத் தடவை குரல் வேறு மாதிரி இருந்தது. கெஞ்சுகிற மாதிரி.

"எக்கா. கடைசியாக் கேக்கேன். எங்கிட்ட ஏதாச்சும் சொல்லணுமா?"

வெளியே சரவெடி வெடித்துக்கொண்டிருந்தது. அது முடியும் வரை இரண்டு பேரும் காத்திருந்தோம். சொல்லியிருந்தால் என்ன ஆகியிருக்கும்? என்னை அனுப்பிவிட்டு வேறு ஆளை வைத்துக்கொள்வான். இல்லையென்றால் மன்னித்துவிடுவான், அது இன்னும் மோசம்.

"நல்ல நாளும் அதுவுமா என்னல இது? அதிரசத்தத் தின்னு" என்றேன்.

தின்றான். பிறகு லேப்டாப்பைக் கேட்டு, ரொம்ப நேரம் புறங்கையால் எதையோ தட்டிக்கொண்டிருந்தான். சாயங்காலம் என் லேப்டாப்பையும் வாங்கிக்கொண்டான். ஏதோ சரிபார்க்க வேண்டுமாம்.

அக்டோபர் 24, வெள்ளி

போய்விட்டான்.

வேலை கிடைத்துவிட்டது என்று நேற்றுத்தான் சொன்னான். காலை பத்து மணிக்கு, நாற்காலியை அப்படியே ஏற்றுகிற வண்டி வந்தது. இரண்டு ஆட்கள், கூடவே தில்ஷாத் மேடம். நல்ல மனுஷி. செருப்பை வாசலில் கழற்றிவிட்டு வந்தார். நான் காபி கொடுத்தேன். மருந்துப் பட்டியல், புரட்டுகிற நேரம், டியூப் மாற்றுகிற தேதி எல்லாம் எழுதிக் கையில் கொடுத்தேன்.

"நடுவுல கெழக்குப் பக்கம் அழிஞ்சு போச்சு மேடம்" என்றேன். "தவணை குடுத்தீங்களே, அது பெரிய உதவி. இவன் ராப்பகலா உக்காந்து மறுபடியும் கட்டிட்டான்."

அவர் காபியை இறக்கி வைத்தார். "அழிஞ்சுதுங்களா? எப்போ? அவரு செப்டம்பர் ஒண்ணாம் தேதியே முழுசா அனுப்பிட்டாருங்களே. பழைய பதிப்பாத்தான் வந்துச்சு, எங்க பசங்களே மாத்திக்கிட்டாங்க. ஒவ்வொரு ஞாயித்துக்கிழமையும் ஒரு நகல் இன்டர்நெட்ல ஏத்தி வெச்சிருவாராமே? அந்தக் கிழக்குப் பக்கத்தப் பாத்துட்டுத்தான் வேலையே குடுத்தோம்."

வெளியே அவனை வண்டியில் ஏற்றுகிற சத்தம் கேட்டது.

"நீங்க வராததுதான் எங்களுக்கு வருத்தம்" என்றார். "ரெண்டு பேருக்கும் சேர்த்துத்தான் அறை ஒதுக்கியிருந்தோம். உங்களுக்கு ஆபீஸ்ல டேட்டா என்ட்ரி. உங்க ஆதார் நகல்கூட அனுப்பியிருந்தாரு. அக்கா இல்லாம நான் வர மாட்டேன்னு முதல்ல சொன்னவரே அவருதான். தீபாவளி அன்னிக்கு மெயில் போட்டாரு, அக்காவுக்கு வர இஷ்டமில்லைன்னு."

"ஆமா மேடம்" என்றேன். "வீட்டப் பாத்துக்கிட ஆள் வேணும்லா."

வண்டிக்குப் பக்கத்தில் போனேன். நீலக் கட்டச் சட்டையில் நேராக உட்கார்ந்திருந்தான். காலர் மடங்கியிருந்தது, சரி செய்துவிட்டேன்.

"போறேன்" என்றான்.

எங்கள் வீட்டில் யாரும் அப்படிச் சொல்ல மாட்டார்கள். கடைக்குப் போனாலும் போயிட்டு வாரேன் என்றுதான் சொல்ல வேண்டும் என்று அம்மா அடித்துச் சொல்லிக்கொடுத்திருக்கிறாள். அவனுக்கும் தெரியும்.

அக்டோபர் 25, சனி

ரப்பர் விரிப்பைக் கழுவிக் காயப்போட்டேன். இரண்டு மணி நேரத்துக்கு ஒரு தடவை எழுந்து எழுந்து உட்கார்கிறேன்.

அக்டோபர் 28, செவ்வாய்

மத்தியானம் என் லேப்டாப்பைத் திறந்தேன். என்னை அவன் நகரவாசலில்தான் விட்டு வைத்திருப்பான் என்று நினைத்தேன்.

புல் தரையில் நின்றேன். வாசல் இல்லை. படிக்கட்டுகள் இல்லை. கிழக்கே போனேன், நாற்பத்தைந்து நாள் நான் நின்று நின்று மஞ்சளாக்கிய கிழக்கு. மண்டபம் இல்லை. குன்று, ஆடு, மஞ்சள் பூ. வெட்டியைத் திறந்தேன். அவன் கடைசியாகப் போட்ட விதி பெட்டியில் அப்படியே இருந்தது. என்னுடைய அதே ஐந்துதான். 'குறைவாக' என்று இருந்ததை 'அதிகமாக' என்று மாற்றியிருந்தான். நான் ஐந்து நிமிடத்துக்கு மேல் நின்ற இடம் ஒன்றுகூட மிச்சமில்லை. வரைபடம் முழுக்கக் கறுப்பாகத்தான் இருந்தது. நடுவில் ஒரே ஒரு சதுரத்தில் மட்டும் மங்கலாக மஞ்சள்.

குக்கர் விசில் அடித்த இடம் அது.

கீழே போய் நின்று அண்ணாந்து பார்த்தேன். படிகள் போய்விட்டன, சுற்றியிருந்த பாறை போய்விட்டது. அறை மட்டும் தன்னந்தனியாக மேலே நிற்கிறது. ஏற வழி இல்லை. மண்ணைத் தோண்டித் தோண்டி, காலுக்குக் கீழே ஒவ்வொரு கட்டையாக வைத்து ஏறினேன். மூன்று மணி நேரம் ஆனது. இரண்டு தடவை விழுந்தேன். மணிக்கட்டு தெறித்தது.

மேஜை இருக்கிறது. நாற்காலி இருக்கிறது. பலகையில் எழுத்தை மாற்றிவிட்டான்.

"எக்கா, ஏதாச்சும் சொல்லணுமா?"

கீழே நான் எழுத இடம் விட்டிருக்கிறான். கர்சர் மின்னிக்கொண்டே இருந்தது. அவன் தீபாவளியன்று உட்கார்ந்து தட்டியது இதுதான் போல. நகரத்தைப் பார்க்கிற ஜன்னல் வழியாகப் புல் தெரிந்தது.

கடையில் அந்தப் பெண் "அழிச்சிரட்டா" என்று கேட்டபோது நான் தலையாட்டினேனா, வாயைத் திறந்து சொன்னேனா என்று எவ்வளவு யோசித்தாலும் ஞாபகம் வரவில்லை.

நாலு நிமிடம் ஆனதும் லேப்டாப்பை மூடிவிட்டேன்.

என்னத்தைச் சொல்ல? ஐந்து மணிக்குக் குழாயில் தண்ணீர் வரும். குடம் இன்னும் கழுவவில்லை.